கேளுங்கோ, சொல்லுவம்: இருட்டு தெரிந்த கமராக்காரர்

போன இதழில் ஒரு கலியாண வீடியோ பற்றிய கேள்விக்குப் பதில் எழுதும்போது, இருட்டை எடுக்கத் தெரிந்த ஆள் என்றால் ஜேர்மன்காரர் யோர்க் ஷ்மிட்-ரைட்வைன்தான் என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதிவிட்டேன். அந்த வரியைப் பிடித்துக்கொண்டு வந்த கேள்விகள்தான் இந்த முறை முழுக்க. வெங்காய விலையும் வெட்டுப்புள்ளியும் கேட்டு எழுதியவர்கள் குறை நினைக்கக் கூடாது, உங்களுக்கு அடுத்த இதழ்.

"யார் ஐயா அவர்? பெயரை வாய்க்குள் நுழைக்கவே அரை மணித்தியாலம் போய்விட்டது. நானும் கமராதான் தூக்குகிறேன், கலியாணம், சாமத்தியவீடு, கோயில் கொடியேற்றம் என்று. அவருடைய கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லுங்கோ."
– வீடியோ எடுக்கும் தம்பி, திருநெல்வேலி

சொல்லுறன் தம்பி. 1939 இல் பேர்லினுக்குக் கிட்ட உள்ள கோனிக்ஸ் வுஸ்டர்ஹவுசன் என்ற ஊரில் பிறந்தவர். 1961 ஓகஸ்டில் பேர்லின் சுவர் எழும்பியது. கொஞ்சக் காலத்துக்குள் இவர் கிழக்கில் இருந்த தன் காதலியை இந்தப் பக்கம் கடத்திவரப் பார்த்துப் பிடிபட்டார். மறியல். அதிலும் பல மாதம் தனி அறை. அவரோடு அதிகமாக வேலை செய்த இயக்குநர் வேர்னர் ஹெர்சோக் பிற்காலத்தில் ஒரு பேட்டியில் இதைத்தான் காரணமாகச் சொன்னார்: இருளும் நிழலும் பயமும் அந்த மனுஷனுக்கு இவ்வளவு நன்றாகப் பிடிபட்டதற்கு அந்தத் தனி அறைதான் காரணமாக இருக்கலாம், அப்படி ஒரு இடத்தில் கிடந்து வெளியே வருகிறவன் வெளிச்சத்தை வேறு கண்ணால் பார்ப்பான் என்று.

இதை நான் முதலில் வாசித்தபோது, சரி, இயக்குநர்மார் தங்கள் ஆட்களைப் பற்றிக் கொஞ்சம் கூட்டித்தான் சொல்லுவார்கள் என்று விட்டுவிட்டேன். பிறகு 1974 இல் இருவரும் சேர்ந்து எடுத்த காஸ்பர் ஹௌசர் படத்தைப் பார்த்தேன். காஸ்பர் ஹௌசர் உண்மையான ஆள். 1828 இல் நூரம்பேர்க் நகரத்துத் தெருவில், கையில் ஒரு கடிதத்தோடு, ஒழுங்காக நடக்கவோ கதைக்கவோ தெரியாமல் நின்ற பெடியன். தன்னை அதுவரை ஒரு இருட்டறைக்குள் அடைத்து வளர்த்தார்கள் என்று பின்னர் சொன்னவன். தனி அறையில் கிடந்த ஒருவர், இருட்டறையில் வளர்ந்த ஒருவனின் கதைக்குக் கமரா பிடிக்கிறார். அந்த அறைக் காட்சிகளில் கமராக்காரர் ஒன்றும் வித்தை காட்டவில்லை. ஆளும் வைக்கோலும் சுவரும் தெரிய வேண்டிய அளவுக்குத் தெரியும், மிச்சம் கறுப்பு. ஆனால் அவனை வெளியே தூக்கிக்கொண்டு வந்ததும் பச்சை வயலும் வானமும் கண்ணைக் குத்தும் பாருங்கோ, அந்த இடத்தில்தான் எனக்கு ஹெர்சோக் சொன்னது விளங்கியது. அந்தப் படத்துக்கு 1975 இல் கான் விழாவில் நடுவர்களின் பெரும் பரிசு கிடைத்தது.

அதுக்குப் பிறகு 1976 இல் கண்ணாடி ஊதும் ஒரு கிராமத்துக் கதை. சிவப்புக் கண்ணாடி செய்யும் இரகசியத்தைச் சொல்லாமலே மேஸ்திரி செத்துப்போகிறார், ஊருக்குப் பைத்தியம் பிடிக்கிறது. நடிகர்கள் பெரும்பாலானவர்களை அறிதுயிலில் வைத்துத்தான் நடிக்க விட்டார்கள் என்பதைத்தான் எல்லோரும் அதிசயமாகக் கதைப்பார்கள். நீங்கள் கமராக்காரர், நீங்கள் பார்க்க வேண்டியது உலைக்களம். 17 ஆம் நூற்றாண்டில் ஜோர்ஜ் த லா தூர் என்று ஒரு பிரெஞ்சு ஓவியர் இருந்தார், ஒரே ஒரு மெழுகுதிரியை வைத்து முழுப் படத்தையும் வரைகிறவர். அந்த ஓவியங்களைப் பார்த்துத்தான் இவர்கள் வெளிச்சத்தைத் தீர்மானித்தார்கள். எங்களுக்கு இது புதிதில்லை. மூலஸ்தானத்தில் ஐயர் கற்பூரம் காட்டும்போது, கை மேலே போகப் போக முதலில் பாதம், பிறகு மாலை, பிறகு முகம் என்று சுவாமி தெரிவார் அல்லவா, அதேதான். அந்த நேரம் பின்னால் நின்று நீங்கள் உங்கள் எல்ஈடி லைற்றைப் போட்டால் என்ன நடக்கும்? சுவாமி நன்றாகத் தெரிவார். தரிசனம் போய்விடும்.

தம்பி கோபிக்கக் கூடாது, எங்கள் ஊர்க் கலியாண வீடியோக்களின் வியாதி இதுதான். மணவறையில் நாலு மூலையிலும் லைற், நடுவில் குத்துவிளக்கு எரிவதே தெரியாது. கேட்டால் "வாடிக்கையாளர் நல்ல பிறைற்றாகக் கேட்கிறார்" என்பீர்கள். அதுவும் உண்மைதான், கனடாவில் இருந்து பார்க்கிற மாமிக்குச் சீலையின் சரிகை தெரிய வேண்டும். தெரியட்டும், அதற்கு வரவேற்பு மண்டபம் இருக்கிறது. தாலி கட்டும் நேரத்துக்கு முன்னால் மட்டும் ஒரு லைற்றை அணைத்துப் பாருங்கோ, யாரும் காசைக் குறைக்க மாட்டார்கள்.

1979 இல் வந்த நொஸ்ஃபெராட்டு இரத்தக்காட்டேரிப் படமும் இவர் கைதான். வெள்ளை முகம், நீளக் காது, சுற்றிவர இருட்டு. பயப்படும் ஆட்கள் பகலில் பாருங்கோ.

"ஆவணப்படம் எடுக்கிறவர் வேறு, கதைப்படம் எடுக்கிறவர் வேறு என்றுதான் எங்களுக்குப் படிப்பித்தார்கள். இவர் இரண்டும் செய்தார் என்கிறீர்கள். ஒன்றுக்கு மற்றது இடைஞ்சல் இல்லையா?"
– ஊடகக் கற்கை மாணவி, கொக்குவில்

படிப்பித்தவர்களோடு நான் சண்டைக்கு வரவில்லை பிள்ளை, சோதனைக்கு அப்படியே எழுதுங்கோ. ஆனால் இவருடைய வேலையை வரிசையாகப் பார்த்தால் அந்தக் கோடு எங்கே என்று கண்டுபிடிக்க ஏலாது.

1971 இல் ஹெர்சோக்கோடு எடுத்த ஒரு ஆவணப்படம், தமிழில் சொல்வதானால் 'மௌனமும் இருளும் கொண்ட நாடு'. ஃபினி ஸ்ட்ராவுபிங்கர் என்ற மூதாட்டிக்குக் கண்ணும் தெரியாது, காதும் கேட்காது. சிறு வயதில் விழுந்ததால் வந்த வினை, பல ஆண்டு படுக்கை. பிறகு எழும்பி, தன்னைப் போன்றவர்களைத் தேடித் தேடிப் போய்ப் பார்க்கிறார். உள்ளங்கையில் விரலால் தொட்டுத் தொட்டுக் கதைக்கும் ஒரு எழுத்துமுறை இருக்கிறது, அதுதான் அவர்களின் பாஷை. படம் எடுக்கப் போனவர்கள் மிகச் சிலர், சத்தம் பதிவு செய்ததே இயக்குநர்தான். கமரா ஷ்மிட்-ரைட்வைன்.

யோசியுங்கோ, தன்னைக் கமரா பார்க்கிறது என்பதையே காண முடியாத ஆட்களைப் படம் எடுக்கிறது எவ்வளவு பொறுப்பான வேலை. கிட்டப் போனாலும் அவர்களுக்குத் தெரியாது, எங்கே நிறுத்துவது என்பது முழுக்க முழுக்கக் கமராக்காரரின் மனச்சாட்சி. படத்தின் முடிவில் ஒரு மனிதர் வருவார். பெயர் ஹைன்ரிஷ் ஃபிளைஷ்மன். பிந்திக் கண்ணையும் காதையும் இழந்தவர், ஆட்களோடு சேராமல் போய்ப் பல காலம். மற்றவர்கள் வாங்கில் இருந்து கைகளால் கதைத்துக்கொண்டிருக்க, அவர் தன்பாட்டில் எழும்பி நடக்கிறார். கமராவும் பின்னால் போகிறது. ஒரு மரத்தில் முட்டுகிறார். கிளையைத் தடவுகிறார், இலையைத் தடவுகிறார், அடிமரத்தைக் கட்டிப்பிடிப்பது போலத் தடவித் தடவிப் பார்க்கிறார். வெட்டு இல்லை, அவசரம் இல்லை, கிட்டப் போய் முகத்தைப் பிடிக்கும் ஆசையும் இல்லை. அந்த ஆள் அப்போது எழும்புவார் என்று யாருக்குத் தெரியும்? பட்டரி அணைத்து வைத்திருந்தால் போயிற்று. "சரி, போதுமானது எடுத்தாயிற்று" என்று கமராவை இறக்கியிருந்தாலும் போயிற்று. கதைப்படத்தில் நடிகர் நடந்து மரத்தைத் தொடும் காட்சி வரும்போது எவ்வளவு நேரம் விட்டுப் பிடிக்க வேண்டும் என்பதை இந்த மாதிரி ஒரு மத்தியானம்தான் கையில் ஏற்றிவிடும். இடைஞ்சலா என்று கேட்டீர்கள்.

இன்னொன்று. 1976 இல் கரீபியன் கடலில் குவாதலூப் என்ற பிரெஞ்சுத் தீவில் லா சூஃப்ரியேர் எரிமலை வெடிக்கப் போகிறது என்று 70,000 இற்கு மேற்பட்ட சனத்தை வெளியேற்றினார்கள். ஒரு ஆள் மட்டும் போக மாட்டேன் என்று நிற்கிறார் என்ற செய்தியைக் கேட்டு ஹெர்சோக் கிளம்ப, கூடப் போனவர்கள் இரண்டே இரண்டு கமராக்காரர்: ஷ்மிட்-ரைட்வைன், அமெரிக்கரான எட் லாக்மன். அரை மணித்தியாலப் படம். பாஸ்-தேர் நகரத்தில் ஒரு குஞ்சு குருமன் இல்லை, வீதி விளக்குகள் மட்டும் சிவப்பும் பச்சையுமாக யாருக்கோ மாறிக்கொண்டிருக்கின்றன. பட்டினி கிடக்கும் நாய்கள். தேடிப் போன ஆளைக் கண்டபோது அவர் மரத்தடியில் பூனையோடு படுத்துக் கிடக்கிறார். சாவு வந்தால் வரட்டும், கடவுள் வைத்தபடி என்கிறார்.

1995 ஒக்டோபர் 30 ஐக் கண்ட எவருக்கும் அந்த நகரத்தைப் பார்க்கும்போது வயிற்றுக்குள் ஏதோ செய்யும். வலிகாமம் முழுக்க ஒரே இரவில் நாவற்குழிப் பாலத்தால் தென்மராட்சிக்கு நடந்ததே. எங்கள் ஒழுங்கையிலும் ஒரு கிழவர் வரமாட்டேன் என்று நின்றார். மாட்டை ஆர் பார்க்கிறது என்று கேட்டார். திரும்பி வந்தபோது மாடு நின்றது. அந்தத் தெருக்களை அப்போது யாராவது இப்படிப் பொறுமையாக, ஒன்றும் சொல்லாமல், சும்மா நடந்து எடுத்திருந்தால் என்று எத்தனையோ தடவை நினைத்திருக்கிறேன்.

எரிமலை வெடிக்கவில்லை. படத்திலேயே அதை ஒப்புக்கொள்கிறார்கள், கொஞ்சம் வெட்கத்தோடு என்றுகூடச் சொல்லலாம். அதே படத்தில் பக்கத்துத் தீவு மார்டினிக்கின் கதையும் வரும். 1902 இல் அங்கே பெலே மலை வெடித்து, சென்-பியேர் நகரமே எரிந்து ஏறத்தாழ 30,000 பேர் மாண்டார்கள். தப்பின ஒரு சிலரில் ஒருவர் மறியலில் தடித்த சுவருக்குள் தனியே அடைபட்டுக் கிடந்த கைதி. அந்தக் கதையைக் கேட்டுக்கொண்டு கமரா பிடித்தபோது ஷ்மிட்-ரைட்வைனுக்கு என்ன ஓடியிருக்கும்.

"என் அண்ணர் 35 வருஷமாக ஜேர்மனியில், டோர்ட்முண்டில். அவரிடம் கேட்டேன், இப்படி ஒரு பெயரைக் கேள்விப்பட்டதே இல்லை என்கிறார். நீங்கள் கதை விடவில்லையே?"
– வாசகர், சுன்னாகம்

அண்ணரிடம் தென்னிந்தியப் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த பத்துப் பேரின் பெயரையும் கேட்டுப் பாருங்கோ.

"கானல் நீரைப் படம் பிடிக்க ஏலுமா? என் மகன் சொல்கிறான், அது கண்ணின் மயக்கம், கமராவில் விழாதாம். நானும் ரியூசன் மாஸ்டரும் அவன் பக்கம் இல்லை."
– தாயார், சாவகச்சேரி

நீங்களும் மாஸ்டரும் வென்றீர்கள் அம்மா. மயக்கம் என்றால் மூளைக்குள் நடப்பது, அது கமராவில் விழாது. கானல் நீர் வெளியே, காற்றில் நடப்பது. தார் றோட்டுக்கு மேலே உள்ள காற்று கொதித்து அடர்த்தி குறைய, வானத்தில் இருந்து சாய்ந்து வரும் வெளிச்சம் அந்தச் சூடான படையில் வளைந்து மேலே திரும்பி எங்கள் கண்ணுக்கு வருகிறது. நிலத்தில் இருந்து வானம் தெரிவதால் தண்ணீர் என்று நினைக்கிறோம். தண்ணீர் என்று நினைப்பதுதான் எங்கள் பிழை, வெளிச்சம் உண்மை. பங்குனி சித்திரையில் ஆனையிறவுக்குக் கிட்ட ஏ-9 வீதியில் மத்தியானம் நின்று மகனின் போனாலேயே எடுத்துக் காட்டுங்கோ. குடை கொண்டுபோங்கோ.

இதையே ஒரு முழுப்படமாக எடுத்தவர்களும் எங்கள் ஆட்கள்தான். 1960களின் கடைசியில் ஹெர்சோக்கும் ஷ்மிட்-ரைட்வைனும் சகாராப் பாலைவனத்துக்கு ஒரு வானில் போனார்கள். வானின் மேல்தட்டில் கமராவோடு இவர், கீழே ஓட்டுகிறவர் இயக்குநர். கமரா ஆடாமல் இருக்க வேண்டும் என்று மணலைத் தாங்களே மட்டப்படுத்தினார்களாம். மைல் கணக்கில் மணல் மேடுகள் நீருக்கு மேலே மிதப்பது போலப் போகும் காட்சிகள் அப்படி வந்தவை. கமரூனில் ஆளை மாறிப் பிடித்து மறியலில் போட்டார்கள், காய்ச்சல் வேறு. இவருக்கு மறியல் விட்டபாடில்லை.

ஹெர்சோக் ஒரு கதை சொல்வார்: தூரத்தில் ஒரு பஸ் வந்து நிற்க, ஆட்கள் இறங்கி நடமாடுவதைக் கண்டு, குளிர்ந்த தண்ணீராவது கிடைக்கும் என்று ஓடிப்போய்ப் பார்த்தால் பஸ்ஸும் இல்லை, டயர் அடையாளமும் இல்லையாம். எங்கேயோ தொலைவில் நின்ற பஸ்ஸின் தோற்றம். அந்த மனுஷன் சொல்வதில் கால்வாசியைத் தள்ளித்தான் எடுக்க வேண்டும், ஆனால் பஸ் படத்தில் இருக்கிறது.

படம் தொடங்குவது பாலைவனத்தில் இல்லை. எட்டு விமானங்கள் ஒன்றன் பின் ஒன்றாக இறங்குவதைத்தான் முதலில் காட்டுவார்கள். வெயில் ஏற ஏற ஓடுபாதைக்கு மேலே காற்று துடித்து, ஒவ்வொரு விமானமும் முந்தினதைவிடக் கரைந்துபோய்த் தெரியும். பலாலியில் போய் நின்று முயற்சி செய்யலாமா என்று யாரும் எனக்கு எழுத வேண்டாம். அங்கே கமராவோடு நின்றால் யார் வந்து என்ன கேட்பார்கள் என்று உங்களுக்கே தெரியும்.

"ஜேர்மன் ஒளிப்பதிவாளர் எவராவது எங்கள் பக்கம் வந்து வேலை செய்திருக்கிறார்களா?"
– ஓய்வுபெற்ற தபால் அதிபர், மானிப்பாய்

இந்தியாவுக்கு வந்த ஒருவர் இருக்கிறார் ஐயா, அவருக்கே தனியாக ஒரு இதழ் ஒதுக்கலாம். ஜோசஃப் விர்ஷிங், 1903 இல் மியூனிக்கில் பிறந்தவர். 1925 இல் புத்தர் வரலாற்றைப் படமாக்க வந்த ஜேர்மன் குழுவோடு கப்பலேறினார். 1934 இல் ஹிமான்ஷு ராயும் தேவிகா ராணியும் பொம்பே டோக்கீஸ் தொடங்கியபோது அதன் ஒளிப்பதிவாளர் இவர்தான். அந்தக் காலத்து ஹிந்திப் படங்களில் கதாநாயகியின் கன்னத்தில் ஒரு பக்கம் நிழல் விழுந்து மறுபக்கம் மினுங்கும் அல்லவா, அந்த அழகு ஜேர்மன் ஸ்டூடியோக்களில் இருந்து இவர் பெட்டியில் கொண்டுவந்தது. இரண்டாம் உலகப்போர் வந்ததும் ஜேர்மன்காரன் என்று பிரிட்டிஷ்காரர் பிடித்து முகாமில் போட்டார்கள். வெளியே வந்து 1949 இல் 'மஹால்' எடுத்தார். பேய் இருக்கோ இல்லையோ என்று நடுங்க வைத்த படம். உங்கள் வயதுக்குப் பாட்டு ஞாபகம் இருக்கும். ஊர் திரும்பவே இல்லை, 1967 இல் பம்பாயிலேயே காலமானார். அவர் எடுத்துக்கொண்டிருந்த 'பாக்கீசா' அதற்குப் பிறகு 1972 இல்தான் வெளிவந்தது.

இவரும் அடைபட்டுக் கிடந்து வெளியே வந்தவர் என்பதை எழுதும்போதுதான் கவனித்தேன்.

"வல்வெட்டித்துறைப் பட்டப் போட்டியை வாற தைப்பொங்கலுக்கு ஸ்லோ மோஷனில் எடுக்க ஆசை. போன் போதுமா? உங்கள் ஜேர்மன்காரர் ஸ்லோ மோஷன் எடுத்திருக்கிறாரா?"
– பட்டம் கட்டும் அண்ணன் தம்பிமார், வல்வெட்டித்துறை

எடுத்திருக்கிறார், அதுவும் பறக்கிற ஆளை. வால்டர் ஸ்டைனர் என்ற சுவிஸ்காரர், மரச்சிற்பம் செதுக்குகிறவர், பனிச்சறுக்குப் பலகையில் மலையால் பாய்ந்து நூறு மீற்றருக்கு மேலே காற்றில் போகிறவர். 1974 இல் அப்போதைய யூகோஸ்லாவியாவின் பிளானிட்சாவில் அவர் பறந்ததை வேகக் கமராக்கள் வைத்து எடுத்தார்கள். வாயைத் திறந்தபடி, கை இரண்டையும் உடம்போடு ஒட்டி, சத்தமில்லாமல் அந்த மனுஷன் காற்றில் கிடப்பதைப் பார்த்தால் பட்டம்தான் ஞாபகம் வரும்.

இப்போது கணக்கு. அந்த மாதிரிக் கமராவைச் செக்கனுக்கு 400 படம் என்று ஓட விட்டு, சாதாரணமாகச் செக்கனுக்கு 24 இல் போட்டால், ஒரு செக்கன் பாய்ச்சல் திரையில் கிட்டத்தட்ட 17 செக்கன் நிற்கும். ஆனால் 400 அடி 16 மில்லிமீற்றர் பிலிம் சாதாரணமாக 11 நிமிடம் ஓடும், அந்த வேகத்தில் 40 செக்கனில் முடிந்துவிடும். பட்டனை ஒரு கணம் முந்தி அமத்தினால் பிலிம் வீண், பிந்தி அமத்தினால் ஆள் இறங்கியாயிற்று. உங்களுக்கு அந்தத் தலையிடி இல்லை, அழித்து அழித்து எடுக்கலாம்.

போன் தாராளம். 240 இல் எடுத்து 30 இல் போட்டால் எட்டு மடங்கு மெதுவாகும், பட்டத்தின் வால் சுழலுவதற்கு அது நன்றாக இருக்கும். ஒன்றை மட்டும் பாருங்கோ, வேகம் கூடக் கூட ஒவ்வொரு படத்துக்கும் கிடைக்கும் வெளிச்சம் குறையும். தை மாதம் கடற்கரையில் சில வருஷம் மழை இருட்டு விலகியிருக்காது. வானம் மூடியிருந்தால் 120 இல் வையுங்கோ. சூரியன் உங்கள் முதுகுப் பக்கம் இருக்க எடுத்தால் தாளின் நிறம் தெரியும், பட்டத்துக்குப் பின்னால் இருக்க எடுத்தால் உள்ளே இருக்கிற மூங்கில் கட்டு முழுக்கத் தெரியும். கட்டினவர்கள் நீங்கள் என்றால் இரண்டாவது மாதிரியே எடுங்கோ. பிறகு அதே செற்றிங்கில் கொண்டுபோய்க் கலியாண மண்டபத்தில் எடுக்க வேண்டாம், 50 ஹேட்ஸ் கரண்டில் ரியூப் லைற் செக்கனுக்கு நூறு தடவை கண் சிமிட்டுகிறது, வீடியோ முழுக்கத் துடிக்கும். திருநெல்வேலித் தம்பியும் இதைக் குறித்துக்கொள்ளட்டும்.